கூட்டுரோட்டுச் சிற்றூரின் பழங்கட்டடங்களைப் படித்துப் பதிவுசெய்வது எப்படி

வட மாவட்டங்களில் கூட்டுரோடு என்பார்கள். காவிரிப் படுகையில் கைகாட்டி என்பார்கள். கொங்குப் பகுதியில் பிரிவு அல்லது நால்ரோடு, தெற்கே விலக்கு. எந்தப் பெயரால் அழைத்தாலும், சாலைகள் சந்திக்கும் இடத்தில் நாற்பது ஐம்பது வீடுகளும் சில கடைகளும் ஒரு பிள்ளையார் கோயிலுமாக அமைந்த இத்தகைய சிற்றூர்களை நம்மில் பெரும்பாலோர் பேருந்தின் சன்னல் வழியாக மட்டுமே பார்த்திருக்கிறோம். பெருங்கோயிலோ கோட்டையோ அரண்மனையோ இல்லாத காரணத்தால் இவை சுற்றுலா வழிகாட்டிகளில் இடம்பெறுவதில்லை; பாதுகாக்கப்பட்ட நினைவுச்சின்னங்களின் பட்டியலிலும் அரிதாகவே வருகின்றன. ஆயினும் மக்கள் நடந்தும் மாட்டுவண்டியிலும் பயணம் செய்த காலத்தின் கட்டடங்களைத் தேடுவோர் வரவேண்டிய இடம் இதுதான். சத்திரம், சுமைதாங்கி, கல்தொட்டி, சாவடி, திண்ணை வைத்த கடைவீடு, பழைய மைல்கல் ஆகியவை ஒரு கூப்பிடு தூரத்துக்குள் நிற்கும் ஊர்கள் இன்னும் உண்டு. சாலையை அகலப்படுத்தும்போது முதலில் இடிபடுபவையும் இவையே.

இப்படிப்பட்ட ஓர் ஊரின் பழங்கட்டடங்களை எவ்வாறு பார்ப்பது, எவ்வாறு காலம் கணிப்பது, எவ்வாறு அளந்து பதிவுசெய்வது என்பதை இங்கே எழுதுகிறேன். கட்டடக்கலையோ தொல்லியலோ படித்திருக்க வேண்டும் என்ற கட்டாயம் இல்லை. இரண்டு மூன்று பேரும் நான்கைந்து நாள்களும் கொஞ்சம் பொறுமையும் போதும். ஒரே ஒரு விதியை மட்டும் எந்தக் கட்டத்திலும் கைவிடக் கூடாது. கட்டடத்தைப் பார்ப்பதற்கு முன் சாலையைப் பார்க்க வேண்டும். சந்திப்பு ஊரில் உள்ள பழைய கட்டடங்களில் பெரும்பாலானவை, சாலையில் வந்தவருக்கு நிழலோ நீரோ படுக்கையோ பண்டமோ தருவதற்காக எழுந்தவை. அந்தச் சாலை எங்கிருந்து எங்கே போயிற்று, அதில் யார் எதைச் சுமந்து வந்தார்கள் என்று தெரியாமல் பார்த்தால், பழைய சுவர் தெரியுமே தவிர அது ஏன் அங்கே நிற்கிறது என்பது தெரியாது.

முதல் நாள்: சாலை

முதல் நாள் அளவு நாடாவை எடுக்க வேண்டாம். சந்திப்பிலிருந்து பிரியும் ஒவ்வொரு சாலையிலும் ஏறத்தாழ ஒரு கிலோமீட்டர் தொலைவு நடந்து போய்த் திரும்பி வர வேண்டும். பேருந்து ஓடும் இன்றைய சாலையும் அன்றைய வழியும் ஒன்றாகவே இருக்கும் என்று எடுத்துக்கொள்ளக் கூடாது. பல ஊர்களில் சாலையை நேராக்கியபோது பழைய வழி கொல்லைப்புறச் சந்தாக ஒதுங்கிவிட்டது. அதைக் கண்டுபிடிக்கத் திண்ணையே சிறந்த சாட்சி. வரிசையாக நான்கு பழைய வீடுகளின் திண்ணைகள் இன்றைய தார்ச்சாலைக்கு முதுகைக் காட்டிக்கொண்டு ஒரு குறுகிய சந்தைப் பார்த்திருந்தால், அந்தச் சந்துதான் அந்த வீடுகள் கட்டப்பட்ட நாளில் சாலையாக இருந்தது. இருபுறமும் வரிசை தப்பாமல் நிற்கும் முதிய புளியமரங்களும் ஆலமரங்களும், சுமைதாங்கியின் குறுக்குக்கல் நீளும் திசையும், வழிப்போக்கருக்கென வெட்டிய கிணறும் அடுத்த சாட்சிகள்.

அடுத்து, தரைமட்டத்தைக் கவனிக்க வேண்டும். சாலைக்குப் புதிதாகத் தார் போடும் ஒவ்வொரு முறையும் அதன் மட்டம் சற்று உயர்கிறது. ஓரத்தில் நிற்பவை அந்த அளவுக்குப் புதைகின்றன. நான்கு படி ஏறிச் சேர வேண்டியிருந்த திண்ணைக்கு இன்று ஒரு படிதான் மிஞ்சியிருக்கும். தோளுயரத்தில் இருந்த சுமைதாங்கி இடுப்பளவுக்குத் தாழ்ந்திருக்கும். ஆகையால் எந்தக் கட்டடத்தையும் ‘தாழ்வாகக் கட்டியிருக்கிறார்கள்’ என்று எழுதுவதற்கு முன், அதன் பின்புறத்துக்குச் சென்று தரை எங்கே இருக்கிறது என்று பார்க்க வேண்டும். முன்புறத்துக்கும் பின்புறத்துக்கும் உள்ள வேறுபாடு சாலை எவ்வளவு ஏறியிருக்கிறது என்பதற்கு ஓரளவு கணக்குத் தரும்.

சாலையின் பழமையை ஊரார் சொல்லும் பெயரிலிருந்தும் பெறலாம். மதுரையை 1689 முதல் 1706 வரை ஆட்சிப் பொறுப்பில் இருந்து நடத்திய ராணி மங்கம்மாளின் பெயரைத் தெற்கே பல சாலைத் துண்டுகள் இன்றும் தாங்குகின்றன. அதற்கு வெகு முன்னரே பெருவழிகளுக்குப் பெயர் இட்டுக் கல் நட்டிருக்கிறார்கள். கோயம்புத்தூரை அடுத்து, பாலக்காட்டுக் கணவாயை நோக்கிச் செல்லும் வழியில், ராஜகேசரிப் பெருவழி என்ற பெயரைக் கூறும் சோழர் கல்வெட்டு தமிழிலும் வட்டெழுத்திலும் வெட்டப்பட்டிருக்கிறது. தருமபுரிப் பகுதியில் கிடைத்த அதியமான் பெருவழிக் கற்கள் நாவல் தாவளம் என்னும் வணிகர் தங்குமிடத்துக்கு எத்தனை காதம் (பழைய தொலைவு அளவு) என்று அறிவிக்கின்றன. எழுத்தறியாதவரும் தொலைவை அறிந்துகொள்ளும்படி அவற்றில் பெரிய குழி பத்தையும் சிறிய குழி ஒன்றையும் குறிக்கும் முறையில் குழிகளும் வெட்டப்பட்டுள்ளன. வழிப்போக்கர் எல்லாரையும் நினைத்துச் செய்த அந்த ஏற்பாட்டை எண்ணும்போதெல்லாம் எனக்கு மனம் நெகிழ்கிறது. உங்கள் ஊரில் அவ்வளவு பழைய கல் கிடைக்காமல் போகலாம். ஆனால் எழுத்தில்லாத கல்லில் குழிகள் மட்டும் வரிசையாக இருந்தால், அதை உரல்குழி என்று தள்ளிவிடாமல் படம் எடுத்து வையுங்கள்.

சாலையோரக் கற்கள்

கட்டடங்களுக்குள் நுழைவதற்கு முன் தனியாக நிற்கும் கற்களைப் பதிவுசெய்துவிட வேண்டும். காணாமல் போவதில் இவையே முந்துகின்றன. சுமைதாங்கி என்பது இரண்டு செங்குத்துக் கற்களின் மேல் ஒரு குறுக்குக்கல் கிடத்திய எளிய அமைப்பு. தலைச்சுமையோடு வருபவர் பிறர் துணையில்லாமல் சுமையை இறக்கி வைக்கவும் மீண்டும் தலைக்கு ஏற்றவும் தோதான உயரத்தில் அது இருக்கும். கருவுற்ற நிலையில் இறந்த பெண்ணின் நினைவாக அதை நடுவது தமிழ்நாட்டில் பரவலான வழக்கம். ஆகவே குறுக்குக்கல்லின் பக்கவாட்டில் இறந்தவர் பெயர், கல் நட்டவர் பெயர், ஆண்டு ஆகியவை இருக்கின்றனவா என்று தேட வேண்டும். சுமைதாங்கி ஒரு பயன்பொருள் மட்டுமன்று, ஒரு குடும்பத்தின் துயரமும் அதில் உண்டு என்பதை மறவாமல் அந்தக் குடும்பத்தினர் ஊரில் இருந்தால் அவர்களிடம் சொல்லிவிட்டே பதிவுசெய்வது முறை. அருகிலேயே கால்நடைகள் நீர் குடிக்கும் கல்தொட்டியும், அவை உடம்பைத் தேய்த்துக்கொள்ளும் ஆவுரிஞ்சுகல்லும் இருக்கக்கூடும். தனியாக நிற்கும் அந்தக் கல்லை எல்லைக்கல் என்று தவறாக எழுதிவிடுவது எளிது. பக்கங்கள் மாட்டின் உயரத்தில் வழவழப்பாகத் தேய்ந்திருப்பதே அடையாளம்.

மைல்கற்களில் தமிழ் எண்ணும் ஆங்கில எண்ணும் கலந்து வரும். மைல் கணக்கில் தொலைவு சொல்லும் கல், மெட்ரிக் முறை நடைமுறைக்கு வந்த 1960களுக்கு முந்தியது என்று கொள்ளலாம். தமிழ் எண்களைப் படிக்கும்போது ஐந்தைக் குறிக்கும் ௫, ஆறைக் குறிக்கும் ௬, எட்டைக் குறிக்கும் ௮ ஆகியவை ரு, சு, அ என்னும் எழுத்துகளாகவே தோன்றும் என்பதால் சொல்லின் பகுதியாகச் சேர்த்துப் படித்துவிடும் பிழை நேர்கிறது. பழைய முறையில் பத்துக்கும் நூறுக்கும் ஆயிரத்துக்கும் தனிக்குறிகள் உண்டு. 1867 என்பதை ௲௮௱௬௰௭ என்று எழுதியிருப்பார்கள்.

பழைய ஆண்டு எண்ணை ஆங்கில ஆண்டாக மாற்றுவதற்குச் சில கூட்டல் கழித்தல்களை நினைவில் வைத்துக்கொண்டால் போதும். சக ஆண்டோடு 78ஐயும், வருவாய்க் கணக்கில் வழங்கிய பசலி ஆண்டோடு 590ஐயும், தெற்கே வழங்கும் கொல்லம் ஆண்டோடு 825ஐயும் கூட்ட வேண்டும். கலியுக ஆண்டிலிருந்து 3101ஐக் கழிக்க வேண்டும். ஆண்டுத் தொடக்கம் ஒவ்வொரு முறையிலும் வேறு வேறு மாதத்தில் வருவதால் விடை ஓராண்டு முன்பின்னாக வரலாம். ‘பிரபவ வருஷம் தை மாதம்’ என்று மட்டும் வெட்டியிருந்தால் சிக்கல் கூடுகிறது. அறுபதாண்டுச் சுற்றில் பிரபவ 1807, 1867, 1927 ஆகிய ஆண்டுகளின் சித்திரையில் தொடங்கியிருப்பதால், அந்தத் தை மாதம் 1808, 1868, 1928 ஆகியவற்றின் சனவரி, பிப்ரவரியாக இருக்கும். மூன்றில் எது என்பதை எழுத்தின் வடிவமும், மெய்யெழுத்துக்குப் புள்ளி உண்டா இல்லையா என்பதும், கல் நிற்கும் கட்டடத்தின் கட்டுமானமும் சேர்ந்துதான் சொல்ல வேண்டும். உடனே முடிவுக்கு வர முடியாவிட்டால் மூன்று ஆண்டுகளையும் எழுதி வைப்பதே நேர்மையான பதிவு.

எழுத்து மங்கியிருந்தால் சுண்ணாம்பு, மாவு, சாக்பீஸ், எண்ணெய் எதையும் தேய்க்கக் கூடாது. கம்பித் தூரிகையால் பாசியைச் சுரண்டுவதும் கூடாது; பாசியோடு கல்லின் மேற்பொருக்கும் வந்துவிடும். மாலை வெயில் கல்லின் முகத்தைச் சாய்வாகத் தடவிச் செல்லும் அரைமணி நேரத்தில் படிக்க முடியாத வரிகள் பலவும் தாமாகவே எழுந்து நிற்கும். வெயில் விழாத திசையில் கல் நின்றால், இருட்டிய பிறகு கைவிளக்கைக் கல்லின் பக்கவாட்டில் ஒட்டினாற்போல் பிடித்து, ஒளி வரும் திசையை இடம், வலம், மேல், கீழ் என மாற்றி நான்கு படங்கள் எடுக்க வேண்டும். தாளும் மையும் கொண்டு படியெடுப்பது பயிற்சி வேண்டிய வேலை. கோயில் சுவரிலோ பாதுகாக்கப்பட்ட சின்னத்திலோ அதற்கு முன் அனுமதி பெற்றாக வேண்டும். இந்தியத் தொல்லியல் துறையின் கல்வெட்டு ஆண்டறிக்கைகள் 1887 முதல் வெளிவருவதால், ஊர்ப் பெயரை வைத்து அவற்றில் தேடிவிட்டு வந்தால் ஏற்கெனவே படிக்கப்பட்ட கல்லில் மீண்டும் மல்லுக்கட்ட நேராது.

சத்திரம்

சந்திப்பு ஊரின் தலையாய கட்டடம் சத்திரம்தான். தஞ்சை மராத்தியர் காலத்தில் ராமேசுவரம் செல்லும் வழிப்போக்கரை மனத்தில் கொண்டு கட்டப்பட்டவற்றுள், இரண்டாம் சரபோஜி 1802இல் கட்டிய ஒரத்தநாடு முக்தாம்பாள் சத்திரம் பெயர் பெற்றது. நீடாமங்கலத்து யமுனாம்பாள் சத்திரமும் ராஜாமடத்து மோகனாம்பாள் சத்திரமும் அதே மரபைச் சேர்ந்தவை. சோறு போடுவதோடு நோயுற்ற பயணிக்கு மருத்துவமும் பிள்ளைகளுக்குப் படிப்பும் தந்த நிறுவனங்களாக அவை இயங்கின. அரசர் கட்டியவை இப்படி என்றால், ஊர்ச் செல்வரும் வணிகரும் கட்டிய சிறிய சத்திரங்கள் எங்கும் பரந்து கிடக்கின்றன. 1856இல் ராயபுரத்திலிருந்து வாலாஜா சாலை வரை தென்னிந்தியாவின் முதல் பயணிகள் தொடர்வண்டி ஓடிய பிறகு, இருப்புப்பாதை பரவப் பரவ நெடுவழிகளில் நடப்பவர் குறைந்தார்கள்; சத்திரங்களும் பள்ளிக்கூடமாகவும் விடுதியாகவும் அலுவலகமாகவும் கிடங்காகவும் மாறின. இன்று ‘பழைய ஸ்கூல் கட்டடம்’ என்று ஊரார் காட்டும் இடம் சத்திரமாக இருந்திருக்க வாய்ப்பு மிகுதி.

வீட்டையும் சத்திரத்தையும் பிரித்தறிய அமைப்பைப் பார்க்க வேண்டும். வீடு உள்ளே போகப் போக அந்தரங்கமாகும். திண்ணை, நடை, முற்றம், கூடம், அறை, அடுக்களை என்று ஒவ்வொரு வாசலும் வந்தவரை வடிகட்டும். சத்திரத்தில் முன்மண்டபம் சாலையைப் பார்த்து அகலமாகத் திறந்திருக்கும். தூண் வரிசைகளுக்கு இடையே பாயை விரித்துப் பலர் படுக்கும்படி தளம் ஒரே மட்டமாக இருக்கும். சமையற்கட்டு குடும்பத்துக்குத் தேவையான அளவைவிடப் பலமடங்கு பெரிதாக, புகைபோக்கியோடும் தனிக் கிணற்றோடும் பின்புறத்தில் ஒதுங்கியிருக்கும். பிள்ளையாருக்கோ வேறொரு தெய்வத்துக்கோ சிறிய சன்னதி ஒன்றும் பல இடங்களில் காணப்படும். பக்கவாட்டில் வண்டி அவிழ்க்கும் வெளி, மாடு கட்டும் கல்முளைகள், குளம் அல்லது ஊருணி, அதில் இறங்கும் படித்துறை ஆகியவை சத்திரத்தின் உடைமைகளே. கட்டடச் சுவரோடு பதிவை நிறுத்திவிட்டால் சத்திரத்தின் பாதிதான் கிடைக்கும்.

தூண்களைக் கூர்ந்து நோக்க வேண்டும். கல்தூண் என்றால் சதுரமா, எண்பட்டையா, மேலே உத்திரத்தைத் தாங்கும் போதிகை எந்த வடிவம், கீழே யாருடைய உருவம் என்று குறித்துக்கொள்ள வேண்டும். கைகூப்பிய நிலையில் ஒரு மனித உருவம் தூணில் இருந்தால் அது பெரும்பாலும் கட்டடத்தைக் கட்டியவரையோ அவரைச் சார்ந்தவரையோ குறிக்கும். அருகருகே உள்ள தூண்கள் ஒன்றோடொன்று பொருந்தாத பாணியில் இருந்தால், அழிந்த கோயிலொன்றின் கற்கள் இங்கே மறுபயன் பெற்றிருக்கலாம். அப்போது தூணின் காலத்தைக் கட்டடத்தின் காலமாக எழுதிவிடக் கூடாது. என் கணிப்பில் சத்திரப் பதிவுகளில் காணப்படும் பிழைகளுள் இதுவே மிகப் பெரியது.

கடைவீடுகளும் வீடுகளும்

சாலையைப் பார்த்த பழைய கடைகள் பலவும் முன்னால் வியாபாரமும் பின்னால் குடித்தனமுமாக அமைந்தவை. முன்புறத்தில் செங்குத்தாகச் செருகி எடுக்கும் பலகைக் கதவுகள், அவற்றைச் செருகும் பள்ளமான காடி, ஒவ்வொரு பலகையிலும் எழுதிய வரிசை எண் ஆகியவற்றைப் படமெடுக்க வேண்டும். சுருள் கதவு வந்த பிறகு பலகைகள் விறகாகிவிடுகின்றன. காடி மட்டும் நிலைச்சட்டத்தில் மிஞ்சுகிறது.

இந்தக் கட்டடங்களில் ஆண்டு பொறித்த கல் இருப்பது அரிது. காலத்தைச் சொல்ல வேண்டியவை அவற்றின் பொருள்களே. கூரையிலிருந்து தொடங்கலாம். குயவர் சக்கரத்தில் வனைந்த நாட்டு ஓடு காலம் காட்டாது. இன்றும் அது வழக்கில் உண்டு. சீமை ஓடு என்று நாம் சொல்லும் மங்களூர் ஓடு காலம் காட்டும். பாசல் மிஷனைச் சேர்ந்த ஜெர்மானியர் மங்களூரில் அதை ஆலையில் செய்யத் தொடங்கியது 1860களில். எனவே அந்த ஓடு வேய்ந்த கூரை அதற்கு முந்தியதாக இருக்க முடியாது. ஓட்டின் அடிப்பக்கத்தில் ஆலையின் பெயர் அச்சாகியிருக்கும். முதல் உலகப் போருக்குப் பின் பாசல் மிஷனின் ஆலைகள் காமன்வெல்த் டிரஸ்ட் கைக்கு மாறியதால், எந்தப் பெயர் இருக்கிறது என்பதைக் கொண்டே போருக்கு முன்னா பின்னா என்று பிரிக்கலாம். ஓட்டில் ஆண்டு எண் இருந்தால் அது அந்த ஓடு செய்த ஆண்டுதான் என்று முடிவு கட்டிவிடாதீர்கள். ஆலை தொடங்கிய ஆண்டாகவும் இருக்கலாம். மேலும், ஓடு மாறும், சுவர் நிற்கும். கூரையின் காலம் சுவரின் காலமாகாது. பழுதுபார்க்கும்போது வேறிடத்து ஓடுகளையும் கலந்திருப்பார்கள் என்பதால் ஒன்றிரண்டை மட்டும் பார்க்காமல் பல இடங்களில் எடுத்துப் பார்க்க வேண்டும்.

மாடி வைத்த வீடாக இருந்தால் உள்ளே நின்று மேல்தளத்தின் அடிப்பகுதியை அண்ணாந்து பாருங்கள். தேக்குச் சட்டங்களின் மேல் ஏறத்தாழ 15க்கு 7.5க்கு 2.5 சென்டிமீட்டர் அளவுள்ள மெல்லிய செங்கற்களைச் சுண்ணாம்புச் சாந்தில் பதித்து, விளிம்பு தெரியும்படி மூலைவாட்டாக அடுக்கியிருந்தால் அது மெட்ராஸ் டெரஸ். செங்கல் வரிசை மூலைவாட்டாக ஓடுவதே அதன் அடையாளம். அதன்மேல் செங்கல் சல்லியும் சுண்ணாம்பும் கலந்து பலநாள் அடித்து இறுக்கியிருப்பார்கள். மரச்சட்டத்துக்குப் பதில் இரும்பு உத்திரம் இருந்தால், அதன் பக்கவாட்டில் உருட்டும்போதே எழுந்த ஆலைப் பெயரைத் தேட வேண்டும். டார்மன் லாங் போன்ற இங்கிலாந்து ஆலையின் பெயரும் வரும், டாடாவின் பெயரும் வரும். ஜாம்ஷெட்பூரில் எஃகு உருக்கத் தொடங்கியது 1912இல் என்பதால், டாடா பெயர் இருக்கும் உத்திரம் அதற்குப் பிந்தியது.

சுவரின் சாந்து அடுத்த சான்று. உதிர்ந்து கிடக்கும் துண்டு ஒன்றை எடுத்துப் பார்த்தால், சுண்ணாம்புச் சாந்து வெண்மையாக, வெந்த சுண்ணாம்பின் சிறு கட்டிகள் ஊடே தெரிய, நகத்தால் கீறினால் சற்று விட்டுக்கொடுக்கும். சிமென்டு சாம்பல் நிறத்தில் கீறலுக்கு இசையாது. இந்தியாவில் சிமென்டு உற்பத்தி போர்பந்தரில் 1914இல்தான் நிலையாகத் தொடங்கியது. கோவையை அடுத்த மதுக்கரை ஆலை 1934இல் வந்தது. சிற்றூர்ச் சுவரில் மூலக்கட்டுமானமாகவே சிமென்டு இருந்தால் அந்தச் சுவரை இருபதாம் நூற்றாண்டின் இரண்டாம் கால்பகுதிக்கு முன்னே கொண்டுபோகத் தயங்க வேண்டும். ஆனால் மேற்பூச்சில் மட்டும் சிமென்டு இருப்பது பிற்காலப் பழுதுபார்ப்பையே காட்டும். சுண்ணாம்புச் சுவரின் மேல் பூசிய சிமென்டு ஈரத்தை உள்ளேயே தேக்கிச் செங்கல்லை உப்பால் அரித்துவிடும் என்பதால், அப்படிப் பூசிய இடங்களையும் அதன் கீழே பொரிந்த இடங்களையும் படத்தில் தனியாகக் குறிப்பது பின்னால் பழுதுபார்க்க வருவோருக்குப் பெரிதும் உதவும்.

அளத்தல்

வேண்டிய கருவிகள் கொஞ்சம்தான்: 30 மீட்டர் நாடா ஒன்று, 5 மீட்டர் எஃகு டேப் ஒன்று, தூக்குக்குண்டு, ரசமட்டம், மூலைமட்டம், நூல்கண்டு, கட்டம் போட்ட தாள், பென்சில். முதலில் அளக்காமல் தரைப்படத்தை ஒரு தாளில் பெரிதாக வரைந்துகொள்ள வேண்டும்; தாளில் இடம் இருந்தால்தான் அளவுகளை எழுத முடியும். ஒருவர் நாடாவின் நுனியைப் பிடிக்க, ஒருவர் அளவைச் சொல்ல, மூன்றாமவர் அதைத் திருப்பிச் சொல்லிக்கொண்டே எழுத வேண்டும். ஒரு சுவரில் உள்ள வாசல்களையும் தூண்களையும் தனித்தனியே அளந்து கூட்டாமல், நாடாவை ஒரு முனையில் நிறுத்தி அங்கிருந்தே ஒவ்வொன்றின் தொலைவையும் தொடர்ச்சியாகப் படித்தால் சிறுபிழைகள் சேர்ந்து பெரிதாகாது.

ஒவ்வோர் அறையிலும் இரண்டு மூலைவிட்டங்களை அளக்காமல் வெளியே வரக் கூடாது. பழைய அறைகள் கண்ணுக்குச் செவ்வகமாகத் தெரிந்தாலும் பெரும்பாலும் செவ்வகமாக இருப்பதில்லை. ஒருமுறை சத்திரம் ஒன்றை நாள் முழுவதும் அளந்துவிட்டு, மூலைவிட்டங்களை விட்டுவிட்டதால் வீட்டில் வரைபடம் எந்த வகையிலும் மூடாமல் போக, மீண்டும் அவ்வளவு தொலைவு பயணம் செய்து அளந்தோம். முகப்புச் சுவர் சாலையின் சாய்வைப் பின்பற்றிக் கோணலாகக் கட்டப்பட்டிருந்தது என்பது அப்போதுதான் தெரிந்தது. கோணல் பிழையன்று, சாலை அந்த இடத்தில் எப்படி ஓடிற்று என்பதற்கு அந்தச் சுவரே வரைபடமாக இருந்தது.

சுவரின் கனம், திண்ணையின் உயரம், தூண் இடைவெளி, கூரையின் சரிவு ஆகியவற்றை எழுதிய பின், கட்டடத்தைச் சாலையோடு இணைக்க வேண்டும். கைபேசி காட்டும் அட்சரேகை தீர்க்கரேகை சில மீட்டர் விலகக்கூடியது என்பதால் அதை மட்டும் நம்பாமல், எளிதில் அழியாத இரண்டு நிலைப்புள்ளிகளிலிருந்து, அதாவது கோயில் கருவறையின் மூலை, பாலத்தின் கைப்பிடிச்சுவர் போன்றவற்றிலிருந்து, கட்டடத்தின் இரு மூலைகளுக்கும் நாடா பிடித்துத் தொலைவு எழுத வேண்டும். நாளை கட்டடம் இல்லாமல் போனாலும் அது நின்ற இடத்தைத் தரையில் குறித்துக்காட்ட இந்த நான்கு அளவுகள் போதும். தரைப்படத்தை 1:100 அளவிலும், தூண், கதவு போன்றவற்றை 1:20 அளவிலும் வரைந்து, வடக்குக்குறியும் நாளும் அளந்தோர் பெயரும் இட வேண்டும். புகைப்படங்களை முகப்புக்கு நேரெதிரே நின்று, அளவுகோல் ஒன்று சட்டத்துக்குள் வரும்படி எடுத்து, எங்கே நின்று எந்தத் திசையில் எடுத்தது என்பதைத் தரைப்படத்தில் எண்ணிட்டுக் குறிக்க வேண்டும்.

தாள்களும் நினைவுகளும்

கிராம நிர்வாக அலுவலரிடம் உள்ள கிராம வரைபடத்தையும் நிலங்களின் வகையைச் சொல்லும் அ-பதிவேட்டையும் பார்க்காமல் பணி முடியாது. சத்திரம், சாவடி, மந்தை, ஊருணி, வண்டிப்பாதை என்று புறம்போக்கு நிலங்களுக்கு எழுதப்பட்ட வகைப்பெயர்கள் கட்டடமே அழிந்த இடத்திலும் அது இருந்ததைச் சொல்லும். சத்திரத்துக்கு மானிய நிலம் விட்டிருந்தால், 1858இல் அமைந்த இனாம் ஆணையத்தின் விசாரணைப் பதிவேடுகளில் யார், எதற்காக, எவ்வளவு நிலம் விட்டார் என்ற விவரம் இருக்கக்கூடும். சென்னை எழும்பூரில் உள்ள தமிழ்நாடு ஆவணக் காப்பகத்தில் இவற்றைத் தேட வேண்டும். தனியார் வீடுகளுக்குப் பழைய கிரயப் பத்திரங்களின் நான்கெல்லை விவரம் மிகவும் பயன்படும். ‘சேது ரஸ்தாவுக்கு வடக்கு’ என்பது போன்ற ஒரு வரி சாலையின் பழம்பெயரையே தந்துவிடும்.

பெரியவர்களிடம் கேட்கும்போது ‘இது எந்தக் காலத்துக் கட்டடம்’ என்று கேட்டால் ‘அது ஆயிரம் வருஷம் இருக்கும்’ என்ற விடைதான் வரும். சிறுவயதில் இங்கே யார் படுத்திருப்பார்கள், வண்டிகளை எங்கே அவிழ்ப்பார்கள், எந்தக் கிணற்றில் யார் தண்ணீர் எடுக்கலாம், யாரை எடுக்க விடவில்லை என்று கேளுங்கள். எல்லாருக்கும் பொது என்று கல்லில் வெட்டிய இடத்திலும் எல்லாரையும் உள்ளே விட்டார்களா என்பது கல்லில் இருக்காது. அதையும் பதிவில் எழுத வேண்டும்.

இடிக்கப் போகிறார்கள் என்று தெரிந்தால்

ஓரத்தில் மஞ்சள் கல் நட்டு அளவெடுக்கத் தொடங்கினாலே சாலை விரிவாக்கம் நெருங்கிவிட்டது என்று பொருள். முதலில் அந்தக் கட்டடம் யாருக்கு உரியது என்பதை உறுதிசெய்ய வேண்டும்: வருவாய்த் துறையா, ஊராட்சியா, இந்து சமய அறநிலையத் துறையா, தனி அறக்கட்டளையா, தனியாரா என்பதைப் பொறுத்து மனு போகும் இடம் மாறும். இந்தியத் தொல்லியல் துறை 1958ஆம் ஆண்டுச் சட்டத்தின்கீழ் பாதுகாக்கும் சின்னமாக இருந்தால், 2010ஆம் ஆண்டுத் திருத்தத்தின்படி அதைச் சுற்றி 100 மீட்டர் வரை புதிய கட்டுமானத்துக்குத் தடையும் அதற்கு அப்பால் 200 மீட்டர் வரை கட்டுப்பாடும் உண்டு. சந்திப்பு ஊர்க் கட்டடங்களில் மிகப் பெரும்பாலானவைக்கு இந்தப் பாதுகாப்பு இல்லை. மாநிலச் சட்டம் 1966ஆம் ஆண்டினது; அதன்கீழ் பாதுகாக்கும்படி மாவட்ட ஆட்சியருக்கும் மாநிலத் தொல்லியல் துறைக்கும் எழுதலாம். வெறும் கோரிக்கையாக அனுப்பாமல் அளந்த வரைபடம், படங்கள், கல்வெட்டு வாசகம், நில அளவை எண் ஆகியவற்றோடு அனுப்பினால் அதைப் படிக்கும் அலுவலருக்கு முடிவெடுக்க ஒரு பிடி கிடைக்கும்.

கட்டடத்தைக் காக்க முடியாத நிலை வந்தால், கற்களையாவது காக்க வேண்டும். சுமைதாங்கியும் மைல்கல்லும் ஆவுரிஞ்சுகல்லும் சில மீட்டர் நகர்த்தி நடக்கூடியவை. நகர்த்தும் பணி உரிய துறையின் ஒப்புதலோடு நடக்க வேண்டும். நிற்கும் நிலையில் படம் எடுத்து, எந்தக் கல் எந்தப் பக்கம் என்று துணி நாடாவில் எழுதிக் கட்டி, பழைய இடத்தின் அளவுகளைக் குறித்த பிறகே பெயர்க்க வேண்டும். நான் பதிவுசெய்த சுமைதாங்கி ஒன்றை, ‘வேலை முடிந்ததும் திரும்ப நட்டுவிடுகிறோம்’ என்ற வாய்ச்சொல்லை நம்பி விட்டுவிட்டோம். சில மாதங்களில் அதன் குறுக்குக்கல் வடிகாலின் மூடியாகக் கிடந்தது, எழுத்துப் பக்கம் கீழே பார்த்தபடி. எனவே கல் எங்கே வைக்கப்படும், யார் பொறுப்பு, எந்த நாளுக்குள் மீண்டும் நடப்படும் என்பதை எழுத்தில் பெற வேண்டும். அடித்தளம் தோண்டும்போது காசோ செம்போ சிலையோ கிடைத்தால், 1878ஆம் ஆண்டுப் புதையல் சட்டப்படி மாவட்ட ஆட்சியருக்குத் தெரிவித்தாக வேண்டும் என்பதைத் தொழிலாளர்களிடம் முன்பே சொல்லி வைப்பதும் நல்லது.

முடித்த பதிவை மூன்று படிகளாவது எடுத்து, ஒன்றை ஊராட்சி அலுவலகத்திலும், ஒன்றை அருகிலுள்ள நூலகத்திலோ அரசு அருங்காட்சியகத்திலோ, ஒன்றை ஊர்ப் பள்ளியிலும் கொடுக்க வேண்டும். பள்ளிக்குக் கொடுக்கும் படியில் தரைப்படத்தைப் பெரிதாக ஒட்டி, நிலைப்புள்ளிகளைச் சிவப்பு மையால் வட்டமிட்டுக் கொடுத்தால், அடுத்த முறை தார் போட்ட பிறகு மாணவர்களே நாடா பிடித்துத் திண்ணையின் உயரத்தை அளந்து பழைய அளவின் பக்கத்தில் எழுத முடியும்.